வானுலகிலிருந்து வந்த பெயரும் வீட்டார் சூட்டும் பெயரும்

கேள்வி: நைஜீரியாவின் லாகோஸ் நகரில் வேலை பார்க்கிறேன். என்னுடன் பணிபுரியும், அங்குள்ள யோருபா இனத்தைச் சேர்ந்த நண்பருக்கு இரட்டைக் குழந்தைகள் பிறந்திருக்கின்றன. எட்டாம் நாள் பெயர்சூட்டு விழாவுக்கு அழைத்திருக்கிறார். என்ன பெயர் என்று கேட்டால், "ஆளுக்கொரு பெயரோடுதான் வந்திருக்கிறார்கள், மற்றவை விழாவில்" என்கிறார். நானும் ஒரு பெயர் சொல்ல வேண்டுமாம். என்ன செய்வது?

பதில்: நண்பர் சொன்னதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். யோருபா மரபில் சில பெயர்களைப் பெற்றோர் தேடுவதில்லை. குழந்தை பிறந்த விதமே பெயரைச் சொல்லிவிடும். வானுலகிலிருந்து கொண்டுவந்த பெயர் என்பார்கள். கொடி சுற்றிப் பிறந்தால் ஆணுக்கு ஓஜோ, பெண்ணுக்கு ஐனா. முகம் கவிழ்ந்து பிறந்தவர் அஜாயி. அடிமையாகப் பிடிபட்டு, மீட்கப்பட்டு, 1864இல் ஆங்கிலிக்கன் திருச்சபையின் முதல் ஆப்பிரிக்க ஆயரான சாமுவேல் அஜாயி க்ரௌதர், ஞானஸ்நானத்தில் வேறு பெயர் பெற்ற பிறகும் இந்தப் பெயரைக் கைவிடவில்லை.

இரட்டையரில் முதலில் வெளிவந்தது டாய்வோ, அடுத்தது கெஹிண்டே. ஆணுக்கும் பெண்ணுக்கும் இவையே. ஆனால் மூத்தவர் கெஹிண்டேதான்! டாய்வோ என்றால் உலகைச் சுவைத்துப் பார்த்தவர். "போய் எப்படி இருக்கிறது என்று பார்த்து வா" என்று அவரை அனுப்பிவிட்டுப் பின்னால் வந்தவர் கெஹிண்டே. ஏவியவர்தானே மூத்தவர்? ஆகவே விழாவில் டாய்வோவை "பெரியவன்" என்று கொஞ்சிவிடாதீர்கள். இவர்களுக்கு அடுத்துப் பிறக்கும் குழந்தைக்கும் பெயர் தயார்: இடோவு.

மற்ற பெயர்கள் வீட்டின் நிலை பார்த்துச் சூட்டப்படுபவை. வீட்டைப் பார்த்துத்தான் பிள்ளைக்குப் பெயர் வைக்க வேண்டும் என்பது அவர்களின் பழமொழி. பெரும்பாலான பெயர்கள் முழு வாக்கியங்கள். தாத்தா இறந்தபின் பிறந்த பேரன் பாபாட்டுண்டே, 'தந்தை திரும்பி வந்தார்'. வழியில் பிறந்தவர் அபியோனா. பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்த வீட்டில் அதே குழந்தைதான் வந்து வந்து போகிறது என்று நம்பி, அதனிடம் கெஞ்சுவதுபோலப் பெயர் வைத்தார்கள். மலோமோ, 'இனிப் போகாதே'. டுரோஜாயே, 'இருந்து வாழ்வை அனுபவி'. கோசோகோ, 'மண்வெட்டி இல்லை'. அதாவது, குழி தோண்ட இனி எங்களிடம் எதுவும் இல்லை. இந்தப் பெயருள்ள ஒருவரைச் சந்தித்தால், விருந்துப் பேச்சாக அதன் பொருளைக் கேட்காதீர்கள். அதற்குள் ஒரு தாயின் அழுகை இருக்கிறது.

இனி உங்கள் பங்கு. தேன், உப்பு, தண்ணீர், கோலாக் கொட்டை போன்றவற்றை வைத்து ஆசி சொல்வார்கள். பிறகு தாத்தா பாட்டியில் தொடங்கி ஒவ்வொருவராகக் கிண்ணத்தில் பணம் போட்டு, தாங்கள் வைக்கும் பெயரைச் சொல்வார்கள். உங்கள் முறை வரும்போது அவ்வாறே செய்யுங்கள். எல்லாப் பெயரும் பள்ளிப் பதிவேட்டில் ஏறாது. பெயர் வைத்தவர் மட்டும் அந்தப் பெயரால் அழைப்பதும் உண்டு.

யோருபாப் பெயரே சொல்ல விரும்பினால் ஆயோடேலே நல்லது, 'மகிழ்ச்சி வீட்டுக்கு வந்தது'. 'அடே' என்று தொடங்குபவற்றைத் தவிருங்கள். அது மகுடம், அரச குடிக்கு உரியது. உச்சரிப்பை நண்பரைச் சொல்லச் சொல்லி, கைபேசியில் பதிவு செய்து பழகுங்கள். அந்த மொழியில் குரலின் ஏற்ற இறக்கம் பொருளையே மாற்றும்: 'ஒகோ' என்ற ஒரே சொல் கணவனாகவும் வண்டியாகவும் மண்வெட்டியாகவும் ஆகிவிடும்.

என்னைக் கேட்டால், நண்பரிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டு ஒரு தமிழ்ப் பெயரைச் சொல்லுங்கள். கூடவே அதன் பொருளையும், ஏன் அதைத் தேர்ந்தெடுத்தீர்கள் என்பதையும் சொல்லுங்கள். அங்கே முதலில் கேட்கப்படுவது அதுதான். பெற்றோரை அன்றைக்குப் பெயர் சொல்லி அழைக்க வேண்டாம். இரட்டையருக்கு இபெஜி என்று பெயர். ஆகவே அவர்கள் இனி பாபா இபெஜி, இயா இபெஜி.