அலியின் கை: ஒரு கடிதமும் பதிலும்

அன்புள்ள அக்கா,

நான் சிங்கப்பூரின் செங்காங்கில் வசிக்கிறேன். ஒரு கட்டுமான நிறுவனத்தில் தளப் பொறியாளராக இருக்கிறேன். கடனில் மூழ்கியவர்கள் பரிசுப் பணத்துக்காகச் சிறுவர் விளையாட்டுகளை ஆடி, தோற்றால் உயிரை இழக்கும் ‘ஸ்குவிட் கேம்’ என்ற கொரியத் தொடரின் மூன்று பருவங்களையும் அண்மையில் மறுபடியும் பார்த்து முடித்தேன். முதல் பருவத்தின் முக்கிய ஆட்டக்காரர்களுக்கு அறிவு, உடல் வலிமை, துணிவு, எச்சரிக்கை என்று நான்கு தலைப்புகளில் மதிப்பெண் போட்டு ஓர் அட்டவணை தயாரித்திருக்கிறேன்; இத்துடன் இணைத்துள்ளேன். எப்படிக் கூட்டிப் பார்த்தாலும் சாங்-வூதான் முதலிடத்தில் வருகிறான், கி-ஹுன் நடுவில் நிற்கிறான். அப்படியானால் கி-ஹுன் பிழைத்ததற்கு அவனுடைய நல்ல மனம் காரணமா, அல்லது கதாநாயகன் என்பதால் இயக்குநர் அவனைக் காப்பாற்றிவிட்டாரா? பாகிஸ்தானிய ஊழியன் அலியை நினைத்தால் எனக்கு இரக்கத்தைவிட எரிச்சல்தான் வருகிறது. தன் கோலிகளை இன்னொருவன் கையில் கொடுக்கும் ஏமாளி, அந்த ஆட்டத்தில் இல்லையென்றால் அடுத்ததில் செத்திருப்பான். கண்ணாடிப் பாலத்தில் காலணிகளை எறிந்து பார்த்திருந்தால் பலர் பிழைத்திருப்பார்கள் என்றும் நினைக்கிறேன். மூன்றாம் பருவத்தின் முடிவு உங்களுக்குப் பிடித்திருந்ததா என்பதையும் அறிய ஆவல்.

(பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டவர்)

அன்புள்ள தம்பி,

தொலைக்காட்சித் தொடர்களைப் பற்றிய கடிதங்களுக்கு நான் பொதுவாகப் பதில் எழுதுவதில்லை. இங்கே சில பழைய தமிழ்க் குடும்பங்களின் நினைவுக் குறிப்புகளைத் திருத்திக் கொடுக்கும் வேலை இப்போது என் மேசையில் இருக்கிறது. ஏறக்குறைய எல்லாக் குறிப்புகளும் ‘வெறுங்கையோடு கப்பலேறி வந்தார், உழைத்தார், உயர்ந்தார்’ என்றே ஓடுகின்றன. வந்து இறங்கிய முதல் வாரத்தில் அவரைத் தன் பாயில் படுக்கவைத்தவர் யார், அந்த மனிதர் பிறகு என்ன ஆனார் என்று ஒரு வரிகூட இல்லை. பிழைத்தவர்களின் கதையை நாம் ஏன் இப்படியே சொல்கிறோம் என்று யோசித்துக்கொண்டிருந்த வேளையில் உங்கள் அட்டவணை வந்து சேர்ந்தது.

சிறிய கேள்விகளை முதலில் முடித்துவிடுகிறேன். காலணி எறியும் யோசனைக்குள் நான் நுழையவில்லை. கொலை செய்தவனை விட்டுவிட்டுச் செத்தவனின் கவனக்குறைவை ஆராய்வதில் எனக்கு விருப்பமில்லை. மூன்றாம் பருவத்தில் கி-ஹுன் தன் உயிரைக் கொடுத்து, ஆட்டத்துக்குள்ளேயே பிறந்த குழந்தையை வெல்லவைத்தது எனக்குச் சரியாகவே பட்டது. பலர் அதைத் திணிக்கப்பட்ட முடிவு என்றார்கள். கி-ஹுன் அதுவரை பெற்றிருந்ததைக் கணக்கிட்டுப் பார்த்தவர்கள் அப்படிச் சொல்லமாட்டார்கள்.

அந்தக் கணக்கைத்தான் உங்கள் அட்டவணை விட்டுவிட்டது. நல்ல மனம்தான் அவனைக் காப்பாற்றியதா என்று கேட்கிறீர்கள். இருவர் இருவராக ஆடி, எதிராளியின் கோலிகளை எல்லாம் வென்றவர் மட்டும் பிழைக்கும் கோலி ஆட்டத்தை இன்னொரு முறை பாருங்கள். முதியவர் இல்-நாமின் நினைவு தடுமாறுவதாக நம்பி, அவர் சொன்னதை அவர் சொல்லவில்லை என்று மாற்றிப் பேசி, கோலிகளை ஒவ்வொன்றாகத் தன் பக்கம் சேர்த்துக்கொள்பவன் இதே கி-ஹுன்தான். சுவருக்கு அந்தப் பக்கம் சாங்-வூ அலிக்குச் செய்வதை, இந்தப் பக்கம் கி-ஹுன் ஒரு கிழவருக்குச் செய்கிறான். இயக்குநர் ஹ்வாங் டோங்-ஹ்யூக் இரண்டையும் ஒரே பகுதியில், அருகருகே வைத்திருக்கிறார். அங்கே கி-ஹுனின் நல்ல மனம் அவனைப் பிழைக்கவைக்கவில்லை. அவன் செய்த வஞ்சனையைத் தெரிந்துகொண்டே முதியவர் தன் கடைசிக் கோலியையும் அவன் கையில் வைத்ததால் அவன் பிழைத்தான்.

ஒவ்வோர் ஆட்டமாகப் போய்ப் பாருங்கள், தம்பி. பொம்மை திரும்பிப் பார்க்கும்போது அசைந்தவர் சுடப்படும் முதல் ஆட்டத்தில் 456 பேரில் 255 பேர் சாகிறார்கள். எல்லைக்கோட்டுக்கு அருகில் கால் இடறி விழப்போன கி-ஹுனின் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்து, பொம்மை முகத்தைத் திருப்பும்வரை அசையாமல் தாங்கி நின்றது அலியின் கை. கயிறு இழுக்கும் ஆட்டத்தில் நிற்கும் முறையைச் சொல்லிக்கொடுத்தவர் முதியவர். எல்லாம் கைவிட்டுப் போகும் நேரத்தில் மூன்றடி முன்னால் வைக்கச் சொன்னவன் சாங்-வூ. அந்தக் கயிற்றின் பாரத்தைத் தாங்கியவர்களில் அலியும் ஒருவன். விளக்கணைந்த இரவில் ஒருவரையொருவர் கொன்றுகொண்டிருந்தபோது, படுக்கைகளின் உச்சியில் ஏறி நின்று ‘நிறுத்துங்கள், எனக்குப் பயமாக இருக்கிறது’ என்று அந்த முதியவர் கதறியதால் கொலை நின்றது. இந்த ஆட்டங்களை நடத்துபவரே அவர்தான் என்பது நமக்குப் பிறகு தெரிகிறது. ஆனால் அந்த இரவில் கி-ஹுன் உயிரோடு இருந்ததற்கு அந்தக் கதறல் காரணம். கண்ணாடிப் பாலத்திலோ பதினெட்டு இணைக் கண்ணாடிகள்; ஒவ்வோர் இணையிலும் ஒன்று மிதித்தால் உடைந்துவிடும். ஒவ்வொன்றிலும் பாதிக்குப் பாதி வாய்ப்பு. முதலில் நடப்பவர் வெறும் ஊகத்தால் அக்கரை சேரும் வாய்ப்பு 262,144இல் ஒன்று. கி-ஹுனுக்குக் கிடைத்தது கடைசி எண்ணான 16. அவனுக்கு முன்னால் போன பதின்மூன்று பேர் விழுந்து விழுந்து காட்டிக்கொடுத்த கண்ணாடிகள்மீது அவன் நடந்தான். இறுதி ஆட்டத்தில் பணம் வேண்டாம், நிறுத்திவிடலாம் என்று அவன் கை நீட்டியபோது சாங்-வூ தன் கழுத்திலேயே கத்தியை இறக்கிக்கொண்டான். இவற்றில் அவனுக்கே உரியது என்று நான் ஒத்துக்கொள்வது, சர்க்கரைப் பாகு வில்லையிலிருந்து குடை வடிவத்தை உடையாமல் எடுக்க, அதை நக்கிக் கரைத்தது ஒன்றைத்தான்.

வட கொரியாவிலிருந்து தப்பி வந்த சே-பியோக் ஏன் கோலி ஆட்டத்தைத் தாண்டினாள்? அவளோடு இணையாக ஆடிய ஜி-யோங் தன் கோலியை வேண்டுமென்றே காலடியில் நழுவவிட்டாள். வெளியே போனால் உனக்குச் செய்ய வேலை இருக்கிறது, எனக்கு இல்லை என்று சொல்லிவிட்டு நின்றுகொண்டாள். உங்கள் நான்கு தலைப்புகளில் எதில் ஜி-யோங்கை வைப்பீர்கள்? உங்கள் அட்டவணையில் அவள் பெயரே இல்லை.

பாரதக் கதையில் அரக்கு மாளிகையிலிருந்து பாண்டவர்கள் தப்பினார்கள் என்று சிறுவயதிலிருந்தே கேட்டு வளர்ந்திருக்கிறோம். விதுரனின் முன்னெச்சரிக்கை, சுரங்கம், பீமனின் தோள் வலிமை எல்லாம் நமக்கு மனப்பாடம். அதே இரவில் அந்த மாளிகையில் உண்டு குடித்துத் தூங்கிப்போன வேடர் குலத்துப் பெண்ணும் அவளுடைய ஐந்து மகன்களும் தீயில் கருகினார்கள் என்பதும், அந்த ஆறு உடல்களைக் கண்டுதான் குந்தியும் மக்களும் இறந்தார்கள் என்று ஊர் நம்பியது என்பதும், அந்த நம்பிக்கை இல்லாவிட்டால் பாண்டவர்கள் வனத்தில் ஒளிந்து வாழ்ந்திருக்க முடியாது என்பதும் கதைக்குள்ளேயே இருக்கின்றன. கதை சொல்பவர்கள் அந்த இடத்தை வேகமாகக் கடந்துவிடுகிறார்கள். அவளுக்கும் பெயரில்லை, அவள் பிள்ளைகளுக்கும் பெயரில்லை. யார் பிழைத்தார், ஏன் பிழைத்தார் என்று கேட்கும்போதெல்லாம் பிழைத்தவரையே திருப்பித் திருப்பிப் பார்த்து அவரிடம் ஏதோ ஒரு தகுதியைக் கண்டெடுத்துவிடுகிறோம்; பக்கத்தில் எரிந்துபோனவர்களைப் பார்ப்பதில்லை.

இப்போது அலிக்கு வருகிறேன். உங்கள்மீது எனக்கு உண்மையாகவே கோபம் வந்தது இங்கேதான்.

அறிவு என்ற தலைப்பில் அவனுக்குச் சுழியம் போட்டிருக்கிறீர்கள். பாகிஸ்தானிலிருந்து கொரியாவுக்கு வந்து, ஆலை விபத்தில் விரல்களை இழந்து, மாதக்கணக்கில் சம்பளம் வராமல், கைக்குழந்தையையும் மனைவியையும் ஊருக்கு அனுப்பப் பணமில்லாமல் நின்றவன் அவன். அப்படிப்பட்டவனிடம் மரியாதையோடு நடந்துகொண்டவன் சாங்-வூ. முதல் ஆட்டத்துக்குப் பிறகு வாக்கெடுப்பு நடந்து எல்லாரும் வெளியே விடப்பட்ட இரவில், சாங்-வூ அவனுக்குத் தன் கைப்பேசியைக் கொடுத்தான், நூடுல்ஸ் வாங்கித் தந்தான், நடந்தே போக நினைத்தவனுக்குப் பேருந்துக் கட்டணம் கொடுத்தான். பிறகு, என்னை முதலாளி என்று கூப்பிடாதே, அண்ணன் என்று கூப்பிடு என்றும் சொன்னான். அந்த அண்ணன்தான் கோலி ஆட்டத்தில் தோற்றுக்கொண்டிருக்கும்போது, நாம் இருவருமே பிழைக்க வழி இருக்கிறது என்று சொல்லி, கோலிப் பையைக் கழுத்தில் கட்டிவிடுவதுபோல் வாங்கிக் கற்களை நிரப்பிக் கொடுக்கிறான்.

அலி ஏமாந்தான், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் அவன் எதனால் ஏமாந்தானோ, அதனால்தான் கி-ஹுன் முதல் ஆட்டத்தில் பிழைத்தான். முன்பின் தெரியாத ஒருவன் விழப்போகும்போது, பிடித்தால் நானும் அசைந்துவிடுவேனே, சுட்டுவிடுவார்களே என்று கணக்குப் போடாத மனம் அது. அந்த மனம் கணக்குப் போடக் கற்றிருந்தால் கோலிப் பையைக் கொடுத்திருக்காது. அதற்கு முன்பே சட்டையையும் பிடித்திருக்காது. கி-ஹுன் முதல் பகுதியிலேயே செத்திருப்பான், நீங்கள் அட்டவணை போட ஒரு கதையும் இருந்திருக்காது. சட்டையைப் பிடித்த கைக்குக் கைதட்டிவிட்டு, கோலியைக் கொடுத்த கையை மட்டும் ஏமாளியின் கை என்கிறீர்கள். அது ஒரே மனிதனுடைய கை.

உங்கள் தொழிலை நீங்கள் குறிப்பிடாமல் இருந்திருந்தால் இவ்வளவு கடுமையாக எழுதியிருக்கமாட்டேன். பாரந்தூக்கியின் கீழ் நின்று சைகை காட்டுபவரை நம்பித்தான் மேலே இருப்பவர் பாரத்தை இறக்குகிறார். சாரத்தைக் கட்டியவரை நம்பித்தான் அடுத்தவர் அதன்மேல் ஏறுகிறார். உங்கள் தளத்தில் இருக்கும் ஒவ்வோர் ஊழியரும் காலை முதல் இரவுவரை இன்னொருவர் கையில் தன் உயிரைக் கொடுத்துத்தான் வேலை செய்கிறார். நம்புவதை நிறுத்தினால் ஒரு தளம்கூட எழும்பாது. அந்த நம்பிக்கையை அவர்களிடமிருந்து நாள்தோறும் வாங்கிக்கொண்டு, ஒருநாள் அவர்களில் ஒருவர் தவறான ஆளை நம்பிவிட்டால் அறிவில்லாதவர் என்று சொல்ல நமக்கு என்ன உரிமை இருக்கிறது?

பல ஆண்டுகளுக்கு முன்பு, ஞாயிற்றுக்கிழமைகளில் தேக்கா வட்டாரத்தில் ஊழியர்களுக்கு விண்ணப்பங்களும் கடிதங்களும் எழுதித் தரும் சிலரோடு நானும் உட்கார்ந்திருந்தேன். அறந்தாங்கிப் பக்கத்திலிருந்து வந்த ஓர் இளைஞர் கையில் கட்டோடு வந்தார். வெட்டும் இயந்திரத்தில் இரண்டு விரல்களின் நுனி போயிருந்தது. நிறுவனம் கொடுத்த ஒரு தாளில் கையெழுத்துப் போட்டிருந்தார், அதன் நகலை என்னிடம் நீட்டி, இதில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டார். விபத்து வேலையிடத்தில் நடக்கவில்லை, தங்குவிடுதியில் தானாகவே காயம்பட்டுக்கொண்டேன் என்று அதில் ஆங்கிலத்தில் எழுதியிருந்தது. அவரைக் கையெழுத்துப் போடவைத்தவர் தமிழர்தான். பக்கத்து ஊர்க்காரர், படித்தவர், மேற்பார்வையாளர். மருத்துவமனைக்கு அழைத்துப்போனவரும் அவர்தான், பசிக்குப் பொட்டலம் வாங்கிக் கொடுத்தவரும் அவர்தான். ‘இது ஆஸ்பத்திரிக் கணக்குக்கு, போட்டுடு தம்பி’ என்றாராம்.

வேலையிடக் காய இழப்பீட்டுச் சட்டத்தின்படி முதலாளியின் தவறை ஊழியர் நிரூபிக்கவேண்டியதில்லை, வேலையால் காயம்பட்டது என்றால் போதும், ஓராண்டுக்குள் கோரலாம் என்று அவருக்கு விளக்கினேன். மனிதவள அமைச்சுக்குப் போகலாம், கூட வருகிறேன் என்றேன். அவர் வெகுநேரம் அந்த நகலையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, ‘அந்த அண்ணனுக்கு ஒண்ணும் ஆயிடாதே அக்கா?’ என்று கேட்டார். அடுத்த வாரம் வருவதாகச் சொல்லிவிட்டுப் போனவர் வரவில்லை. ஊருக்கு அனுப்பிவிட்டார்கள் என்று அவருடைய அறைத்தோழர் பிறகு சொன்னார்.

அவருக்கும் நீங்கள் சுழியம்தான் போடுவீர்களா? தன் விரல் போன பிறகும், தன்னை ஏமாற்றியவனுக்கு ஏதும் ஆகிவிடக்கூடாதே என்று கேட்ட மனிதர் அவர். அவரோடு ஒரே சாரத்தில் நின்றவர்கள் எத்தனை முறை அவரால் காப்பாற்றப்பட்டிருப்பார்கள் என்று எனக்குத் தெரியாது, ஆனால் காப்பாற்றப்பட்டிருப்பார்கள் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அந்த மேற்பார்வையாளரை உங்கள் அட்டவணையில் போட்டால் நான்கு தலைப்பிலும் நல்ல மதிப்பெண் வாங்கியிருப்பார்.

சாங்-வூவை நீங்கள் வியப்பதும் எனக்குப் புரியாமல் இல்லை. சோல் தேசியப் பல்கலைக்கழகத்தில் படித்தவன், அந்த வட்டாரத்துக்கே பெருமை, மீன் விற்கும் தாயின் ஒரே நம்பிக்கை. நம் வீடுகளில் பிள்ளைகளை அப்படித்தான் வளர்க்கிறோம். ஆனால் அடுத்தது சர்க்கரைப் பாகு ஆட்டம் என்று ஊகித்துவிட்டு, பால்யத் தோழன் குடை வடிவத்தின் முன்னால் போய் நிற்பதைப் பார்த்துக்கொண்டே வாயை மூடிக்கொண்டிருந்தவன் அவன். அந்த மௌனத்துக்கு ‘எச்சரிக்கை’ என்று பெயர் வைத்துப் பத்துக்கு ஒன்பது கொடுத்திருக்கிறீர்கள்.

உங்களை நான் கெட்டவர் என்று நினைக்கவில்லை, தம்பி. ஒரு தொடரைப் பார்த்துவிட்டு இவ்வளவு நேரம் செலவழித்து, தெரியாத ஒரு பெண்ணுக்கு நீண்ட கடிதம் எழுதுகிறவருக்கு மனம் கெட்டிப்பட்டிருக்காது. அலிமீது உங்களுக்கு எரிச்சல் வருகிறது என்றால் அவன் செத்தது உங்களை உறுத்துகிறது என்றுதான் பொருள் கொள்கிறேன். அந்த உறுத்தலை அவன்மீது திருப்பாதீர்கள்.

அட்டவணையை நான் இங்கே வெளியிடவில்லை. உங்களிடம் வேறொன்றைக் கேட்கிறேன். சம்பளக் காலம் முடிந்ததும் அடிப்படைச் சம்பளத்தை ஏழு நாள்களுக்குள், மிகைநேரச் சம்பளத்தைப் பதினான்கு நாள்களுக்குள் கொடுக்கவேண்டும் என்பதும், விவரமான சம்பளச் சீட்டு 2016 முதல் கட்டாயம் என்பதும் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். ஊழியர்கள் பலர் தாங்கள் வேலை செய்த மணிகளைச் சின்ன நோட்டிலோ கைப்பேசியிலோ குறித்து வைத்திருப்பார்கள். இந்த மாதச் சீட்டு வந்ததும், உங்கள் தளத்தில் இருக்கும் தமிழ் ஊழியர்களோடு உட்கார்ந்து, இரண்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள். ஆங்கிலத் தாள் எதிலாவது கையெழுத்து வாங்கவேண்டியிருந்தால், வரிவரியாகத் தமிழில் படித்துக் காட்டிவிட்டு வாங்குங்கள். வித்தியாசம் எதுவும் தென்பட்டால் மறைக்காமல் எனக்கு எழுதுங்கள். யாரிடம் போவது என்று சேர்ந்தே பார்ப்போம்.

அன்புடன்,
அக்கா