அச்சான வருடத்தைப் பாருங்கள் – கடிதம்

அன்புள்ள சார்,

வணக்கம். வரலாறு, மதம், ஆன்மீகம் இதிலெல்லாம் புதிய பார்வை தருகிற புத்தகங்கள் வேண்டுமென்று புத்தகக் காட்சியில் ஒரு பை நிறைய வாங்கினேன். ‘மறைக்கப்பட்ட உண்மை’, ‘அறியப்படாத ரகசியம்’ என்கிற மாதிரி அட்டைகள். படித்து முடித்தால் எல்லாம் ஒரே புத்தகம் போல இருக்கிறது. அப்பா வாரம் தவறாமல் திருவொற்றியூர் கோயிலுக்குப் போகிறவர். “இதெல்லாம் படிச்சா சாமி கும்பிடவே தோணாது” என்கிறார். அப்படி ஆகுமா? எதிலிருந்து தொடங்கலாம்?

எஸ்., வியாசர்பாடி

அன்புள்ள எஸ்.,

அந்த அட்டைகளை நானும் பார்க்கிறேன். மறைத்தது யார், இத்தனை நாள் எங்கே கிடந்தது, இவர் கைக்கு எப்படி வந்தது, இதை எதையும் சொல்லாமல் நேரே உண்மைக்குத் தாவுகிற புத்தகத்தை நான் பத்துப் பக்கத்தோடு மூடிவைத்துவிடுவேன். எல்லோருக்கும் தெரிந்த விஷயத்தையே வருடம் பார்த்து அடுக்கினால் போதும், பாதி நேரம் படமே மாறிவிடும்.

நம்ம பக்கத்து ஆளையே எடுத்துக்கொள்வோம். வள்ளலார் ஏழுகிணறு வீராசாமி தெருவில் இருந்தவர், கந்தகோட்டத்து முருகனைப் பாடியவர், உங்கள் அப்பா கும்பிடுகிற அதே அம்மன் மேல் ‘வடிவுடை மாணிக்க மாலை’ பாடியவர். பள்ளிக்கூடத்தில் நமக்குச் சொல்லித்தந்த வள்ளலாரோ சாதியும் மதமும் சமயமும் பொய் என்று சொன்னவர். சைவ அறிஞர் ஆறுமுக நாவலர் அவரை எதிர்த்தார், கடலூர் மஞ்சக்குப்பம் கோர்ட் வரை விவகாரம் போனது. இவ்வளவையும் ஒரே மூச்சில் கேட்கிறவர், சாதியை மறுத்ததால்தான் சைவர்களுக்குக் கோபம் வந்தது என்றுதானே நினைப்பார்? மேடைக்கு மேடை அப்படித்தான் பேசவும் செய்கிறார்கள்.

இப்போது புத்தகம் அச்சான வருடத்தைப் பாருங்கள். வள்ளலாரின் பாட்டுத் தொகுப்பான திருவருட்பாவின் முதல் நான்கு பகுதிகளை, அதாவது திருமுறைகளை, தொழுவூர் வேலாயுத முதலியார் பதிப்பித்து வெளியிட்டது 1867. நாவலரின் ‘போலியருட்பா மறுப்பு’ 1869. ஐந்தாம் திருமுறை 1880. சாதியும் மதமும் பொய் என்கிற பாட்டு இருப்பது ஆறாம் திருமுறையில், அது அச்சில் வந்தது 1885இல். அதற்குப் பதினோரு வருடம் முன்பே, 1874இல், வள்ளலார் மேட்டுக்குப்பத்து அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டுவிட்டார்; நாவலர் 1879இல் காலமாகிவிட்டார். ஆக, ஆறாம் திருமுறையை நாவலர் அச்சில் பார்த்ததே இல்லை. அவர் கையில் இருந்தது ஒற்றியூர்ச் சிவனையும் வடிவுடையம்மனையும் உருகி உருகிப் பாடிய புத்தகம்தான்.

பிறகு எதற்குச் சண்டை? தேவாரம் மாதிரி சைவப் புனித நூல்களுக்கு உரிய ‘திருமுறை’ என்ற பெயரை நேற்று பாடிய பாட்டுக்கு வைத்தது எப்படி, அருட்பா என்று சொல்ல யார் உரிமை கொடுத்தது, தேவாரம் ஓத வேண்டிய கோயிலில் இதை ஓதலாமா, இவைதான் கேள்விகள். ஓலையில் இருந்தவரை மெதுவாகப் பரவிய பாட்டு, அச்சான உடனே வீட்டுக்கு வீடு போக ஆரம்பித்துவிட்டது, புனித நூல் எது என்று யார் முடிவு செய்வது என்ற தகராறும் கூடவே வந்துவிட்டது. இரண்டு தரப்பும் போட்ட கண்டன நூல்களை ப. சரவணன் ‘அருட்பா மருட்பா கண்டனத் திரட்டு’ என்று தொகுத்திருக்கிறார். பெரிய புலவர்கள் ஒருவரை ஒருவர் திட்டுகிற தமிழுக்காகவே அதைப் படிக்கலாம்!

அப்புறம் வள்ளலாரின் கடிதங்கள். பாட்டையெல்லாம் அச்சுக்குக் கொடுங்கள் என்று விடாமல் கேட்டவர் இறுக்கம் இரத்தின முதலியார், அவை வந்து சேரும்வரை ஒருவேளைச் சாப்பாடுதான் என்று பிடிவாதமாக உட்கார்ந்துவிட்டார். அவருக்கு எழுதும்போது வள்ளலார், ‘இராமலிங்கசாமி’ என்று போடுவதில் எனக்குச் சம்மதமில்லை, ஆரவாரமாகத் தெரிகிறது, அப்படிப் போட வேண்டாம் என்கிறார். கடைசியில் அச்சில் வந்ததோ ‘திருவருட்பிரகாச வள்ளலார்’ என்ற அதைவிடப் பெரிய பெயர். ஒரு மனிதர் மகான் ஆக்கப்படுவதை இவ்வளவு கிட்டத்தில் காட்டுகிற எழுத்து தமிழில் குறைவு.

நீங்கள் வாங்கிய பையில் அயோத்திதாசர் இருக்கிறாரா? ஞான. அலாய்சியஸ் தொகுத்து 1999இல் பாளையங்கோட்டையில் இருந்து வந்த ‘அயோத்திதாசர் சிந்தனைகள்’ தொகுதிகளைத் தேடிப் பிடியுங்கள். 1907இல் ராயப்பேட்டையில் ‘ஒரு பைசாத் தமிழன்’ பத்திரிகை தொடங்கியவர். எள்ளெண்ணெயின் பயனைக் கண்டறிந்ததைக் கொண்டாடிய பௌத்த நாள்தான் தீபாவளி என்று எழுதுவார். அதற்கு ஆதாரம் கேட்டால் நான் ஏற்கிற மாதிரி எதுவும் கிடைக்காது, அவர் சொன்னதற்காக அதை வரலாறு என்று எடுத்துக்கொள்ளவும் மாட்டேன். ஆனால் தாழ்ந்தவர்கள் என்று ஊர் சொல்லிவந்த மக்களை, பழைய பௌத்தர்கள் என்று வைத்து மொத்தக் கதையையும் திருப்பிச் சொல்கிறாரே, அந்தத் துணிச்சல் இருக்கிற பக்கம் எதையும் என்னால் தள்ள முடிவதில்லை. அதே 1907இல் பௌத்தத்தின் சாரம் பற்றி ஆங்கிலத்தில் எழுதிய அறிவியல் பேராசிரியர் லட்சுமி நரசுவையும் சேர்த்துப் படியுங்கள். அந்தப் புத்தகத்தின் 1948 பதிப்புக்கு முன்னுரை எழுதியவர் அம்பேத்கர். ஒரே நகரம், ஒரே காலம், இருவருமே பௌத்தர்கள், ஆனால் ஒருவர் புராணம் போலப் பேசுவார், இன்னொருவர் பாடம் நடத்துவது போலப் பேசுவார்.

குணங்குடி மஸ்தான் சாகிபையும் விட்டுவிடாதீர்கள். ராயபுரத்தில் அடங்கியிருக்கிற சூஃபி, அம்மனுக்குரிய பெயரால் ‘மனோன்மணியே’ என்று கூப்பிட்டுப் பாடுகிறார். சைவப் புலவர் திருத்தணிகை சரவணப்பெருமாளையர் அவர் மேல் நான்மணிமாலை பாடியிருக்கிறார். ‘மத நல்லிணக்கம்’ என்று யாரும் மேடை போடாத காலம் அது.

உங்கள் அப்பா சொல்வது ஒரேயடியாகத் தப்பு என்று சொல்ல மாட்டேன். சிலருக்கு நம்பிக்கை தளரும், சிலருக்கு இறுகும், எனக்குத் தெரிந்து இரண்டு வகை ஆட்களும் பெரம்பூரிலேயே இருக்கிறார்கள். ஆனால் அவரை வெளியே நிறுத்திவிட்டுப் படிக்காதீர்கள். வடிவுடை மாணிக்க மாலையில் சில பாட்டாவது அவருக்கு மனப்பாடமாக இருக்கும், கேட்டுப்பாருங்கள். முருகனைப் பாடிய பாட்டுகளையும் ஆறாம் திருமுறையையும் அடுத்தடுத்து வைத்து, இரண்டும் எப்படி ஒரே ஆள் என்று அவரிடமே கேளுங்கள், ஏதாவது பதில் வைத்திருப்பார்.

திருவருட்பா, பழைய தமிழ் நூல்களை இணையத்தில் தருகிற மதுரைத் திட்டத்தில் இலவசமாகவே இருக்கிறது. மயிலை சீனி. வேங்கடசாமியின் ‘பௌத்தமும் தமிழும்’, ‘சமணமும் தமிழும்’ நாட்டுடைமையானவை, இணையத்தில் கிடைக்கும். மற்றதற்கு சென்ட்ரல் பக்கம் மூர் மார்க்கெட் பழைய புத்தகக் கடைகளில் ஒரு நடை நடந்து பாருங்கள், பேரம் பேசத் தயங்க வேண்டாம். முதலில் கண்டனத் திரட்டு, அதோடு கடிதங்கள். அயோத்திதாசரை அதற்குப் பிறகு எடுத்தால் போதும்.