புஷ்பராகம் எங்கே போனது?

ஐயா,

இலக்கிய ஆய்வாளர் ஆர்தர் மராட்டி 1982இல் எழுதிய கட்டுரையைப் படித்தேன். முதலாம் எலிசபெத் ராணி காலத்து ஆங்கில சானெட்டுகளில் (பதினான்கு வரிக் கவிதைகளில்) வரும் காதல், பதவிக்கு ஏங்கியவர்களின் முகமூடி என்று புரிந்துகொண்டேன். இருபது வயதில் அக்கவிதைகளைப் படித்து அழுதவன் நான். ஏமாந்துவிட்டதாகத் தோன்றுகிறது. நம் அகத்திணையும் இப்படித்தானா? இந்த ஆய்வுகளை எங்கிருந்து தொடங்குவது?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் ஏமாறவில்லை. அன்று அழுதது அழுததுதான்; எந்த ஆய்வாளரும் வந்து அதைத் திருப்பிக் கேட்க முடியாது. அகத்திணையை இப்போது விடுங்கள். எதைப் படித்தாலும் அதைப் பக்கத்தில் இழுத்து நிறுத்தினால் இரண்டையுமே படிக்க மாட்டீர்கள்.

ஆனால் ‘முகமூடி’ என்கிறீர்களே, அவசரமாகப் படித்திருக்கிறீர்கள். காதலின் பேச்சும் தயவு கேட்கும் பேச்சும் அரசவையில் ஒன்றாகவே புழங்கின என்பதுதான் மராட்டியின் வாதம். ராணியின் திருமணப் பேச்சை எதிர்த்துக் கடிதம் எழுதியவர் கவிஞர் பிலிப் சிட்னி, நல்ல பதவிக்காக வருடக்கணக்கில் காத்திருந்தவர். அவருடைய 108 சானெட்டுகளில் ஏங்குவது காதலனா, பதவி கிடைக்காதவனா? முகமூடி என்றால் கழற்ற வர வேண்டுமே!

சில மாதங்களாக இதே யோசனையோடு, எலிசபெத்தின் தந்தை எட்டாம் ஹென்றியின் அரசவையில் இருந்த கவிஞர் தாமஸ் வயட்டின் மான் வேட்டைக் கவிதையைத்தான் படித்துக்கொண்டிருக்கிறேன். எங்கள் வகுப்பில் அதை ஹென்றி மணந்த ஆன் பொலினின் கதை என்று சொல்லி ஒரு மணி நேரத்தில் முடித்துவிட்டார்கள். கவிதையில் அவள் பெயரே இல்லை. பல வருடம் கழித்து ஒரு நோட்டில் இடப்பக்கம் அதற்கு மூலமான, இத்தாலியக் கவிஞர் பெட்ரார்க்கின் 190ஆம் கவிதையையும் வலப்பக்கம் வயட்டையும் எழுதிப் பார்த்தேன். பெட்ரார்க் தனியாக நிற்கிறார். விடியற்காலை, வெள்ளை மான், அதன் கழுத்தில் வைரமும் புஷ்பராகமும். ‘யாரும் தொடாதீர்கள், என் சீசர் என்னை விடுவித்தார்’ என்று எழுதியிருக்கிறது. அந்த சீசரைக் கடவுள் என்றே பெரும்பாலும் படிக்கிறார்கள். வயட்டிடம் வந்தால் ஒரு கும்பலே மானைத் துரத்துகிறது. இவர் கடைசி ஆட்களோடு களைத்துப்போய் வருகிறார். வைரம் மட்டும் மிச்சம். கற்பின் கல்லான புஷ்பராகம் இல்லை, விடுதலையும் இல்லை. ‘நான் சீசருடையவள்.’ அவ்வளவுதான். இந்த சீசரை அரசர் ஹென்றி என்றே படிக்கிறார்கள்.

அரசவை இந்தக் கவிதைக்குள் வந்தது அந்தக் கும்பலாகத்தான். மானுக்காக ஓடுகிறோமா, முன்னால் போகிறவனைத் தாண்ட ஓடுகிறோமா என்பது ஓடுகிறவனுக்கே தெரியாது. அந்த ஆசை பொய்யா? காற்றை வலையில் பிடிக்கப் பார்க்கிறேன் என்கிறாரே, அந்தக் களைப்பை நடிக்க முடியுமா? 1536 மே மாதம் அரசரின் ஆணையால் ஆன் கொல்லப்பட்டபோது வயட்டும் லண்டன் கோட்டையில் கைதியாக இருந்தார். அங்கே மணிக்கூண்டிலிருந்து கண்ட காட்சி இரவும் பகலும் தலையை விட்டுப் போகவில்லை என்று இன்னொரு கவிதையில் எழுதினார். மனிதர் உயிரைப் பணயம் வைத்த இடம் அது, நண்பரே.

சரி, எங்கிருந்து தொடங்குவது என்று கேட்டீர்கள். ஆய்வுகள் அப்புறம். அந்த இரண்டு கவிதைகளையும் எதிரெதிர்ப் பக்கங்களில் கையால் எழுதுங்கள். எழுதிவிட்டு மறுபடி எனக்குக் கடிதம் போடுங்கள்.