இருமல் பாணியும் சாராயமும்

கேள்வி: என் கணவர் முச்சக்கர வண்டி ஓட்டுகிறார். மூன்று வாரங்களாக இருமல் விடாததால், பாமசியில் வாங்கிய பாணியை இரவில் குடிக்கிறார். அதற்கு முன்னோ பின்னோ நண்பர்களுடன் சாராயமும் அருந்துகிறார். இரண்டும் சேர்ந்தால்தான் நல்ல நித்திரை வருகிறது என்கிறார். இதனால் தீங்கு உண்டா?
வாசகி, கொட்டாஞ்சேனை

பதில்: உண்டு சகோதரி. அவர் நல்ல நித்திரை என்று சொல்வதே எனக்குக் கவலை தருகிறது. இருமல் பாணிகள் பலவற்றில் குளோர்பெனிரமின், டைபென்ஹைட்ரமின், புரோமெதசின் போன்ற தூக்கம் வருவிக்கும் மருந்துகளோ, இருமலை அடக்கும் டெக்ஸ்ட்ரோமெதோர்பனோ கலந்திருக்கும். சாராயமும் இவற்றைப் போலவே மூளையின் செயற்பாட்டை மந்தமாக்குவதால், இரண்டும் உடலில் ஒன்றுசேரும்போது மயக்கம் கூடுகிறது, மூச்சு தளர்கிறது, வாந்தி வந்தால் விழித்துப் புரண்டு படுக்கும் உணர்வுகூட மங்கிவிடுகிறது. கோடீன் சேர்ந்த பாணி என்றால் ஆபத்து மிகப் பெரிது. உடலுக்குள் மோர்பினாக மாறும் அம்மருந்து, மதுவோடு சேரும்போது மூச்சையே நிறுத்திவிடக்கூடும்.

இரண்டு மணித்தியால இடைவெளி விட்டால் போதும் என்று பலர் எண்ணுகிறார்கள். அது சரியன்று. குளோர்பெனிரமின் ஒரு நாளுக்கு மேலும் உடலில் தங்கக்கூடியது என்பதால், இரவில் பாணியும் மதுவும் அருந்தியவர் விடியற்காலையில் வண்டியின் ஹாண்டிலைப் பிடிக்கும்போதும் அவருடைய கண்ணும் கையும் முழுமையாகத் தெளிந்திருக்கும் என்று சொல்ல முடியாது. அவரை நம்பி ஏறுகிறவர்களையும் நினைத்துப் பாருங்கள்.

தடிமனுக்கான பல கூட்டு மருந்துகளில் பரசிட்டமோலும் இருக்கிறது. அதை அறியாமல் பனடோல் குளிசைகளையும் சேர்த்து விழுங்கினால், ஒரு நாளின் உச்ச அளவாகிய 4 கிராமை, அதாவது 500 மில்லிகிராம் குளிசைகள் எட்டை, எளிதில் தாண்டிவிடலாம். தினமும் குடிப்பவரின் ஈரல் அந்த அளவையே தாங்காமல் போகலாம். ஈரல் பழுதடையத் தொடங்கிய முதல் நாளில் பெரிதாக எந்த அறிகுறியும் தெரியாது என்பது இதில் கொடுமையானது.

போத்தலை அடுத்த முறை பாமசிக்கு எடுத்துச் சென்று, அவர் குடிப்பவர் என்பதை மறைக்காமல் சொல்லிக் கேளுங்கள். என்றேனும் இரவில் அவரை எழுப்ப முடியாமலோ, மூச்சு மெதுவாகி உதடு நீலமாகியோ கண்டால், கோப்பி கொடுப்பதிலும் தலையில் தண்ணீர் ஊற்றுவதிலும் நேரத்தைக் கழிக்காமல், ஒருபக்கமாகச் சாய்த்துப் படுக்க வைத்து, 1990 என்ற இலவச அம்பியூலன்ஸ் எண்ணை உடனே அழையுங்கள். தனியே விட்டுவிட்டு அகலாதீர்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இரண்டு வாரத்தைத் தாண்டிய இருமலுக்குப் பாணி மருந்தன்று. காசநோய் இருக்கிறதா என்று சளியைப் பரிசோதிக்க வேண்டும். அரசாங்க மார்பு நோய் சிகிச்சை நிலையங்களில் அதற்குப் பணம் அறவிடுவதில்லை. இந்த வாரமே அவரை அழைத்துச் செல்லுங்கள்.