அறுபது வயதான கட்டடத்தை இடித்தே ஆக வேண்டுமா?

கேள்வி: அண்ணா சாலையை ஒட்டி 1964-இல் கட்டிய ஐந்து மாடி வணிகக் கட்டடத்தில் எங்கள் குடும்பத்துக்கு ஒரு தளம் இருக்கிறது. "காங்கிரீட்டுக்கு ஆயுள் அறுபது வருஷம்தான், சீக்கிரம் பில்டரிடம் கொடுத்துவிடுங்கள்" என்கிறார் புரோக்கர். எல்ஐசி கட்டடம் இதைவிடப் பழையதாயிற்றே?

பதில்: அறுபது வருஷத்தில் இடிக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. எல்ஐசி கட்டடமே அதற்குச் சாட்சி. எம்.சிடி.எம். சிதம்பரம் செட்டியார் தம் யுனைடெட் இந்தியா ஆயுள் காப்பீட்டு நிறுவனத்துக்காக 1953-இல் தொடங்கிய வேலை அது. வரைபடம் பிரௌன், மோலின் என்ற லண்டன் கட்டடக் கலைஞர்களுடையது. அடுத்த ஆண்டே செட்டியார் விமான விபத்தில் இறந்துபோனார். 1956-இல் காப்பீட்டுத் தொழில் நாட்டுடைமையானதும் கட்டடம் எல்ஐசி கைக்கு வந்தது. கட்டடக் கலைஞர் எல்.எம். சித்தாலே அதை முடித்துக் கொடுக்க, 1959 ஆகஸ்டில் மொரார்ஜி தேசாய் திறந்து வைத்தார். உயரம் 177 அடி. 1975-இல் பெரிய தீ விபத்து நடந்தும் யாரும் இடிக்கவில்லை. பழுது பார்த்தார்கள், இன்றும் அலுவலகம் நடக்கிறது.

அதில் பாரத்தைத் தாங்குவது சுவர் இல்லை, காங்கிரீட் தூண்களும் பீம்களும்தான். உங்களுடையதும் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும். இந்த மாதிரிக் கட்டடத்துக்கு எமன் வயது அல்ல, உள்ளே இருக்கும் கம்பியில் ஏறும் துரு. துருப்பிடித்த கம்பி பருத்து, மேலே உள்ள காங்கிரீட்டைப் பிளந்து தள்ளும்.

இங்கேதான் ஏமாற்று வேலை. புரோக்கரே ஒரு ஆளை அழைத்து வருவார். அவர் சுத்தியல் கருவியால் நாலு இடத்தில் தட்டிவிட்டு "ஸ்ட்ரெங்த் இல்லை" என்று எழுதித் தருவார். அந்தக் கருவி காட்டுவது மேல்தோலின் கடினத்தை மட்டுமே. பழைய காங்கிரீட்டின் மேல்தோல் காற்றுப்பட்டு இறுகியிருக்கும் என்பதால், உள்ளே பழுதிருந்தும் எண் நன்றாக வரலாம். ஆகவே "நன்றாக இருக்கிறது" என்று எழுதினாலும் அந்த ஒரு தாளை நம்பாதீர்கள். தூணில் துளையிட்டு மாதிரி எடுத்து லேபில் உடைத்துப் பார்க்க வேண்டும், கம்பியின் துருவையும் அளக்க வேண்டும்.

ஒரே ஒரு இடத்தில் புரோக்கர் சொல்வதில் உண்மை இருக்கலாம்: கழிவறை ஸ்லாப். வருஷக்கணக்காக ஒழுகிய கழிவறைக்கு அடியில் காரை பெயர்ந்து கம்பி தெரிகிறதா? அதே தண்ணீர் பக்கத்துத் தூணில் இறங்கியிருக்கிறதா? மாடித் தண்ணீர்த் தொட்டிக்குக் கீழேயும் பாருங்கள். அங்கே கம்பி பாதியாக மெலிந்திருந்தால் உடனே முட்டுக் கொடுங்கள், ஆட்களை அப்புறப்படுத்துங்கள். மேலே பூசி பெயின்ட் அடித்து மறைப்பதுதான் உயிருக்கு ஆபத்து. அந்த நிலையிலும் பழுது அந்த மூலையோடு நின்றிருந்தால், அதை மட்டும் வெட்டி மாற்றிக் கட்ட முடியும்.

அனுமதி வரைபடம் கேட்டு அலுவலகம் அலுவலகமாக அலைந்து நாளை வீணாக்காதீர்கள். கிடைத்தாலும் அதில் அறை அளவு இருக்கும், கம்பிக் கணக்கு இருக்காது. மக்கள் தலைக்கு மேல் நிற்கிற கட்டடத்தின் கம்பி விவரத்தைக்கூடப் பாதுகாத்து வைக்காத நிர்வாகத்தை என்னவென்று சொல்வது!

மற்ற தள உரிமையாளர்களோடு செலவைப் பகிர்ந்து, ஸ்ட்ரக்சுரல் இன்ஜினியரை நீங்களே நியமியுங்கள். பில்டர் "இலவசமாக" டெஸ்ட் எடுத்துத் தருகிறேன் என்றால் வேண்டாம். அறிக்கை கைக்கு வரும்வரை பவர் பத்திரத்தில் யாரும் கையெழுத்துப் போட வேண்டாம்.