பனிக்கு அடியில் பாம்புகள்: கேள்வி பதில்

என் மகன் கனடாவில் வின்னிபெக்கில் இருக்கிறான். குளிர் மைனஸ் முப்பது வரை போகுமாம். அங்கேயும் பாம்பு உண்டு என்கிறான். நம்பலாமா? (பெரம்பூர் வாசகி)

தாராளமாக நம்பலாம் அம்மா. வின்னிபெக்கிலிருந்து வடக்கே நூறு கிலோமீட்டருக்குச் சற்று மேல் போனால் நார்சிஸ் என்ற ஊர். உலகத்திலேயே பாம்புகள் பெருங்கூட்டமாகக் கூடும் இடங்களில் ஒன்று அது. அங்கே மண்ணுக்குக் கீழே சுண்ணாம்புப் பாறை. தண்ணீர் அதை அரித்து அரித்துப் பிளவும் குழியுமாக ஆக்கியிருக்கிறது. மேலே நிலம் கல்லாய் உறைந்து கிடந்தாலும் அந்த உறைவு பாறையின் ஆழம் வரை இறங்குவதில்லை. கார்ட்டர் பாம்புகள் என்ற வட அமெரிக்கச் சிறு பாம்புகள் இலையுதிர் காலத்தில் ஆயிரக்கணக்கில் அந்தப் பிளவுகளுக்குள் இறங்கி, ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கும். வருஷா வருஷம் அதே குழிக்குத் திரும்பி வருபவை ஏராளம்.

ஏப்ரல் கடைசியில் ஆண்கள் முதலில் வெளியே வந்து குழி வாயிலேயே காத்திருக்கும். கறுத்த முதுகில் மஞ்சள் கோடு, பக்கவாட்டில் சிவப்புத் தீற்றல். பெண் ஒன்று தலை நீட்டியதுமே பத்து இருபது ஆண்கள் சுற்றிக்கொள்ள, ஒரே பந்தாக உருளும். கனடா போனால் மே மாதம் பார்த்துப் போங்கள்.

கரடி மாதிரி தூங்குமா? காற்றைக் குடித்தே உயிர் வாழும் என்று பாட்டி சொல்வார். (தாம்பரம், கல்லூரி மாணவர்)

கரடி தன் கொழுப்பை எரித்து உடம்பைச் சூடாக வைத்துக்கொள்ளும். பாம்புக்கு அந்த வசதி கிடையாது தம்பி. குழி என்ன குளிரோ, உடம்பும் அதே குளிர். இதயத் துடிப்பு வெகுவாகக் குறைந்துவிடும். அதனால்தான் கோடையில் சேர்த்த கொழுப்பில் கொஞ்சம் கரைந்தாலே ஆறேழு மாதம் ஓடிவிடும். பாட்டி சொன்னதும் அப்படி வந்ததாகவே இருக்கலாம்.

ஆழ்ந்த தூக்கமும் இல்லை. குளிர் இறங்க இறங்கத் தானும் மெல்ல ஆழத்துக்கு நகரும். ஆனால் உள்ளே போகும் முன்பே இரை எடுப்பதை நிறுத்திவிடும். செரிமானத்துக்கு வெப்பம் வேண்டும். இல்லையென்றால் வயிற்றில் இருப்பது அழுகி, பாம்பையே கொன்றுவிடும்.

உறைந்துபோய் மறுபடி உயிர் பெறும் தவளைகள் இருக்கின்றனவே, பாம்பு அப்படிச் செய்யுமா? (வேளச்சேரி)

செய்யாது. வட அமெரிக்க மரத்தவளைக்கு அது முடியும். கார்ட்டர் பாம்பு சில மணி நேரம் லேசான உறைவைத் தாங்கும், அவ்வளவுதான். ஆகவே குழி கிடைத்தால் உயிர், கிடைக்காவிட்டால் சாவு. 1999-ல் நார்சிஸில், குழிக்குள் இறங்குமுன் கடும் வானிலையில் சிக்கிப் பல்லாயிரம் பாம்புகள் மடிந்தன. குழிக்குப் போகும் வழியில் 17-ஆம் நெடுஞ்சாலை குறுக்கிடுவதால் வண்டியில் அடிபட்டும் நிறைய செத்தன. பிறகு சாலைக்கு அடியில் சுரங்கக் குழாய்கள் பதித்தார்கள். பாம்பைக் காப்பது என்றால் முதலில் அதன் பொந்தைக் காப்பதுதான் என்று நான் எல்லோரிடமும் சொல்வது இதனால்தான்.

இதைவிட வடக்கே? (அண்ணா நகர்)

ஐரோப்பாவின் ஆடர் விரியன் ஆர்க்டிக் வட்டத்துக்கு அப்பாலும் உண்டு. அந்தக் குளிர்மண்ணில் முட்டை பொரியாது என்பதால், வயிற்றிலேயே வளர்த்துக் குட்டி போடும். தாய் வெயிலில் படுத்து அவற்றுக்கும் சேர்த்துச் சூடு வாங்கும்.

மார்கழியில் நம்ம ஊர் பாம்புகளும் ஒடுங்கிவிடுமா? (அம்பத்தூர்)

இல்லை. இங்கே இருபது டிகிரிக்குப் பக்கத்தில்தான் குளிர். ஐப்பசி, கார்த்திகை மழையில் வளையில் தண்ணீர் புகுந்தால் நல்ல பாம்பும் சாரையும் வீட்டுப் பக்கம் ஒதுங்கும். மார்கழியிலும் இருட்டில் டார்ச் இல்லாமல் கால் வைக்காதீர்கள்.

மகனின் நண்பர் வீட்டு நிலவறையில் நவம்பரில் ஒரு கார்ட்டர் பாம்பு வந்துவிட்டதாம். வெளியே விட்டுவிடலாமா? (மறுபடியும் பெரம்பூர் வாசகி)

வேண்டவே வேண்டாம் அம்மா, பனியில் விட்டால் செத்துவிடும். கையுறை போட்டு, காற்றோட்டமுள்ள மூடிய பெட்டியில் விட்டு, ஒரு சின்னக் கிண்ணம் தண்ணீரும் வைத்து, நிலவறையின் உறையாத குளிர்ந்த மூலையில் வைக்கச் சொல்லுங்கள். இரை எதுவும் போட வேண்டாம். அப்புறம் அந்த மாகாண வனவிலங்குத் துறையைக் கூப்பிட்டால் என்ன செய்வதென்று சொல்வார்கள்.