பேஷண்டா, கிளையண்டா, இல்ல ‘அந்த கேஸா’? கடக்கரையில இருந்து வந்த கேள்விகள்

சைக்காலஜிஸ்டான எனக்கு நீங்க அனுப்புன கேள்விகள்ல இந்த வாட்டி மாத்திரை பத்தினது கம்மி. “எங்கள என்னன்னு நெனைக்கிறீங்க, எங்களப் பத்தி யாருகிட்ட பேசுவீங்க”ன்னுதான் நெறைய பேரு கேட்டிருக்கீங்க. நியாயம்தான், தொண்டியில இருந்து ராமேஸ்வரம் வரைக்கும் யாரு வீட்டுக்கு யாரு வந்துட்டுப் போனாலும் சாயங்காலத்துக்குள்ள தெருவுக்கே தெரிஞ்சிடும். அதனால கேட்டவங்க ஊர் பேர மட்டும் அங்கங்க மாத்திப் போட்டிருக்கேன்.

கவுன்சலிங் போற எடத்துல ஃபைல்ல என்னைய ‘கிளையண்ட்’னு எழுதி வச்சிருக்காங்க. நான் என்ன கடைக்கு வந்த கஸ்டமரா? (தங்கச்சிமடம்)

கோவிச்சுக்காதீங்க. ஆஸ்பத்திரியில வேலை பாக்குற சைக்காலஜிஸ்ட் பெரும்பாலும் பேஷண்ட்னுதான் சொல்லுவாங்க, சீட்டுலயே அப்படித்தான் இருக்கும். கவுன்சலிங்ல கிளையண்ட்னு சொல்ற பழக்கத்த 1940கள்ல பரப்பிவிட்டதுல முக்கியமான ஆளு கார்ல் ராஜர்ஸ்ங்கிற அமெரிக்க சைக்காலஜிஸ்ட். வர்றவரு சும்மா சொன்னதக் கேட்டுட்டுப் போறவரு இல்ல, தன் வாழ்க்கைக்கு முடிவு எடுக்கப்போறது அவருதான்னு காட்டத்தான் அந்த பேரு. பின்னாடி அவரே அதையும் தாண்டி ‘மனுஷன்’ங்கிற பக்கம் போயிட்டாரு.

எனக்கு ஃபைல்ல என்ன இருக்குங்கிறத விட நேர்ல எப்படி கூப்பிடுறாங்கங்கிறதுதான் பெருசு. மொத நாளே “உங்கள எப்படி கூப்பிடட்டும்”னு கேட்டுடணும். கீழக்கரை பக்கம் ஒருத்தரு காக்கான்னா (அங்க அண்ணன்னு அர்த்தம்) போதும்பாரு, இன்னொருத்தருக்கு பேர் சொன்னாத்தான் புடிக்கும். நான் அண்ணே, மதினின்னு ஒட்டிக்கிறதுக்கு கொஞ்சம் யோசிப்பேன், ஏன்னா அண்ணன்னு கூப்பிட்டுட்டா அந்த மனுஷன் தங்கச்சிகிட்ட எப்படி குடியப் பத்தியும் பொண்டாட்டிய அடிச்சதப் பத்தியும் சொல்றதுன்னு வாய மூடிக்குவாரு. பாசமா கூப்பிட்டதே குறுக்க நிக்கும். ஆனா “அந்த டிப்ரஷன் கேஸ் வந்திருக்கு, உள்ள அனுப்பவா”ன்னு வெளிய ரிசப்ஷன்ல கத்துறாங்கன்னா நீங்க தாராளமா கோவப்படலாம்.

மகனுக்கு 19 வயசு, ரெண்டு மாசமா உங்கள மாதிரி ஒருத்தர்கிட்ட அனுப்புறேன், காசு கட்டுறது நான். உள்ள என்ன பேசுறான்னு கேட்டா சொல்ல மாட்டேங்கிறாங்க. (பாம்பன், ஒரு அம்மா)

அம்மா, சொல்லாம இருக்கிறதுதான் அவங்க வேலைய ஒழுங்கா பாக்குறாங்கங்கிறதுக்கு அடையாளம். காசு யாரு கட்டுனாலும் பேச்சு அவனோடது. 18 தாண்டிட்டான், அவன் சம்மதம் இல்லாம சொல்லக்கூடாது, 2017 மனநலப் பராமரிப்புச் சட்டத்துலயும் ரகசியம் காக்குறத உரிமையாவே வச்சிருக்காங்க. விதிவிலக்கு உண்டு: அவன் உயிருக்கோ அடுத்தவங்க உயிருக்கோ ஆபத்துன்னு தெரிஞ்சாலும், கோர்ட்டு கேட்டாலும் தேவையான அளவுக்கு மட்டும் சொல்லலாம். 18க்கு கீழ இருக்க பிள்ளைக்கு பாலியல் கொடுமை நடந்தது தெரிஞ்சா போக்சோ சட்டப்படி தெரிவிச்சே ஆகணும். இதையெல்லாம் மொத செஷன்லயே பையன்கிட்ட சொல்லிட்டுத்தான் ஆரம்பிக்கணும், நடுவுல திடீர்னு சொல்லக்கூடாது.

நீங்க செய்யக்கூடியது ஒண்ணு இருக்கு. வீட்டுல நீங்க பாக்குறத, தூங்குறானா, சாப்பிடுறானா, ராத்திரி எங்க போறான்னு, அவங்களுக்கு சொல்லலாம், கேட்டுக்கிறதுக்கு தடை இல்ல. ஆனா நீங்க சொன்னீங்கங்கிறத அவன்கிட்ட மறைக்கச் சொல்லாதீங்க.

வேர்க்காடு சந்தியாகப்பர் திருவிழாவுல என் சைக்காலஜிஸ்ட நேருக்கு நேர் பாத்தேன், தெரியாத மாதிரி போயிட்டாங்க. அவமானமா இருந்துச்சு. (மண்டபம்)

உங்க பக்கத்துல யாரு நின்னா? மாமியாரா, கூட கடலுக்குப் போறவங்களா? நாங்க வணக்கம் வச்சா அடுத்த நிமிஷம் “இவங்கள எப்படி தெரியும்”னு உங்ககிட்டதான் கேப்பாங்க, பதில் சொல்ல முடியாம நிக்கப்போறது நீங்க. அதனாலதான் நாங்களா மொதல்ல பேசுறதில்ல. நீங்க சிரிச்சா நாங்களும் சிரிப்போம், நீங்க பேசுனா பேசுவோம், அதுவும் வெயில், கூட்டம்னுதான், உள்ள பேசுன எதையும் அங்க எடுக்க மாட்டோம். இத முன்னாடியே சொல்லி வைக்காதது மட்டும் அவங்க பக்கத்து கொறதான். ஃபோன்ல என்ன பேர்ல சேவ் பண்ணலாம், வாட்ஸப்ல மெசேஜ் அனுப்பலாமா, வீட்டு ஆளு எடுத்தா என்ன சொல்லணும்னும் அடுத்த தடவை கேட்டு முடிவு பண்ணிக்கங்க, சின்ன ஊருல இதெல்லாம் சிகிச்சையில சேந்ததுதான்.

மனசு சரியில்லாத தம்பிய ஏர்வாடி தர்காவுல தங்க வச்சிருக்கோம். மாத்திரையும் குடுத்தா துவா (பிரார்த்தனை) பலிக்காதுன்னு சொந்தக்காரங்க சொல்றாங்க. (கேட்டவர் ஊர் சொல்லல)

ரெண்டும் சேந்தே போகலாம். அந்த எண்ணத்துலதான் தர்காவுலயே மருத்துவமும் கெடைக்கிற மாதிரி அரசாங்கம் தவா-துவா (மருந்தும் பிரார்த்தனையும்) திட்டம் கொண்டு வந்துச்சு. தொழுகைய நிறுத்தச் சொல்ற டாக்டர்கிட்ட போகவும் வேணாம், மாத்திரைய நிறுத்தச் சொல்ற சொந்தக்காரர் பேச்ச கேக்கவும் வேணாம். மாத்திரை எழுதுறது சைக்கியாட்ரிஸ்ட், எங்கள மாதிரி சைக்காலஜிஸ்ட் எழுத முடியாது, ராமநாதபுரம் அரசு ஆஸ்பத்திரியில விசாரிங்க.

ஒண்ணே ஒண்ணு, சங்கிலி மட்டும் கூடாது. 2001 ஆகஸ்ட் 6 அதே ஏர்வாடியில ஒரு தனியார் காப்பகத்துல தீ புடிச்சப்ப கட்டிப் போட்டிருந்தவங்க ஓட முடியாம 28 பேரு செத்துப் போனாங்க. இப்ப சட்டமே சங்கிலிய எந்த ரூபத்துலயும் தடை பண்ணியிருக்கு. அப்புறம் உங்க கடிதம் முழுக்க ‘பைத்தியம்’னு எழுதியிருக்கீங்க. கோவமா இல்ல, வேற வார்த்தை வாய்க்கு வரலன்னு புரியுது, ஆனா அவருக்கு ஒரு பேர் இருக்குல்ல, அவர் காதுல விழற எடத்துல அந்த பேரச் சொல்லிக் கூப்பிடுங்க.

நேர்ல வந்தா ஊருக்கே தெரிஞ்சிடும்னு என் வீட்டுக்காரர் வர மாட்டேங்கிறாரு.

14416க்கு ஃபோன் போடச் சொல்லுங்க. டெலி மானஸ்ங்கிற மனநல உதவி லைன், அரசாங்கத்தோடது, காசு இல்ல, எந்நேரமும் எடுப்பாங்க, தமிழ்லயே பேசலாம்.

மீன்பிடி தடைக்காலத்துல ஃபீஸ் குடுக்க முடியல, அதுக்கு பதிலா மீன் கொண்டாந்து குடுத்தா வாங்கிக்குவீங்களா? (தேவிபட்டினம்)

ஒரு தடவை அன்பா நாலு நண்டு குடுத்தா முகத்துல அடிச்ச மாதிரி திருப்பி அனுப்ப மாட்டேன், ஆனா ஃபீஸுக்கு பதிலாங்கிறது வேணாம். கணக்கு குழம்பிடும், மீனு சின்னதா போச்சேன்னு நீங்க கூச்சப்படுவீங்க, அடுத்த செஷன்ல என்மேல கோவம் வந்தாலும் சொல்ல மாட்டீங்க. ஏப்ரல் 15ல இருந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாளு விசைப்படகு போகாதுன்னு இந்தப் பக்கம் தெரியாத ஆளு உண்டா, உங்க சைக்காலஜிஸ்ட்கிட்ட நேராவே கேளுங்க, ஃபீஸ கொறச்சுக்கவோ தள்ளிக் குடுக்கவோ ஒத்துக்கிறவங்க இருக்காங்க. முடியாதுன்னாங்கன்னா அரசு ஆஸ்பத்திரியில மாவட்ட மனநலத் திட்டத்துல காசில்லாம பாப்பாங்க, அதுக்கு மாறுறதுன்னா இதுவரைக்கும் நடந்ததோட ஒரு சுருக்கத்த உங்க சம்மதத்தோட எழுதி வாங்கிட்டுப் போங்க, திரும்ப மொதல்ல இருந்து கதை சொல்ல வேண்டியதில்ல.